கருப்பட்டியின் சனிக்கிழமைகள்

காந்திபுரத்தில் ஒரு ஜவுளிக்கடைக்கு மேலே, இரண்டாவது மாடியில் இருக்கிறது கிருபாசங்கரின் அலுவலகம். அங்கே படியேறி வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் மாப்பிள்ளை விசாரிக்க வருகிறவர்கள். பையன் குடிக்கிறானா, பெங்களூரில் சொன்ன வேலை நிஜமாகவே இருக்கிறதா என்று கேட்பார்கள். மீதிப் பேர் பஞ்சுக் குடோன் தீப்பிடித்தவர்கள். கிருபாசங்கர் இருபது வருஷம் ஒரு இன்சூரன்ஸ் கம்பெனிக்காகத் தீ விபத்துகளைத் துருவிப் பார்த்தவர். சாம்பலைக் கிளறி உண்மையைத் தேடுவது அவருக்குப் பழக்கம். அக்டோபர் எட்டாம் தேதி, புதன்கிழமை காலை, அந்தப் படிகளில் ஒருவர் நாய்க்காக ஏறி வந்தார்.

"நாய்க்குங்களா?" என்று கேட்ட அப்புசாமிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அப்புசாமி டவுன் பஸ்ஸில் முப்பது வருஷம் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். வீட்டில் சும்மா உட்கார முடியாமல் கிருபாசங்கரோடு ஒட்டிக்கொண்டவர். எந்த வழக்கிலும் முதல் பத்து நிமிஷத்தில் குற்றவாளியைக் கண்டுபிடித்துவிடுவார். அது எப்போதும் தப்பான ஆளாக இருக்கும். ஆனால் வந்தவரின் முகத்தைப் பார்த்ததும் அவருக்கே சிரிப்பு அடங்கிவிட்டது.

வந்தவர் பெயர் அழகிரிசாமி. வயது அறுபத்தெட்டு. இஸ்திரி போட்ட சட்டை, மூன்று நாள் தாடி. ஒரு கையில் பிளாஸ்டிக் பையில் ஒரு டப்பா, இன்னொரு கக்கத்தில் நீள நோட்டு.

"நாயிதானேன்னு நினைக்காதீங்க," என்றார். "என்ர ஊட்டுல மூணாவது ஆளுங்க அது. கருப்பட்டின்னு பேரு. ஒம்பது வயசு. எங்களுக்குக் கொழந்தை குட்டி கிடையாதுங்க. திங்கக்கிழமை வெடியால வலிப்பு வந்து உளுந்துருச்சு. ஆஸ்பத்திரியில கெடக்குது. யாரோ வெசம் வெச்சுப்போட்டாங்க. என்ன வெசம்னு தெரிஞ்சா அதுக்குத் தக்கன வைத்தியம் பார்க்கலாமுன்னு டாக்டரம்மா சொல்றாங்க. அதைக் கண்டுபுடிச்சுக் குடுங்க. யாரு வெச்சாங்கன்னும் எனக்குத் தெரியோணும்."

கிருபாசங்கர் தண்ணீர் டம்ளரை அவர் பக்கம் நகர்த்தினார். "யார் மேல சந்தேகமுங்க?"

அழகிரிசாமி டப்பாவை மேஜைமேல் வைத்தார். கருப்பட்டியின் தாய் பெரியநாயக்கன்பாளையம் பஸ் ஸ்டாப்பில் திரிந்த தெரு நாய். தகப்பன் ஏதோ பங்களாவின் லாப்ரடார். இப்படிக் கலந்து பிறந்த நாய்க்கு இரண்டு வருஷம் முன்பு இடுப்பு மூட்டு தேய்ந்து, முதுகில் முடியும் கொத்துக் கொத்தாகக் கொட்டியது. பெரிய கம்பெனி மருந்துகள் எதுவும் ஒத்துக்கொள்ளவில்லை. அதே ஊரில் ரசாக் என்பவர் கலப்பின நாய்களுக்கென்றே ஒரு பொடி தயாரிக்கிறார். கருவாட்டுத் தூள், ஆளி விதை, மஞ்சள், மூட்டுக்கான குளுக்கோசமின் எல்லாம் சேர்ந்தது. மூட்டுக்கும் முடிக்கும் ஒரே பொடி. அதைச் சாப்பிட்டு நாய் மறுபடியும் மாடிப்படி ஏறியது, முடியும் பளபளத்தது.

"நல்லாக் குடுத்த கையிதான் இப்பக் கெடுத்துப்போட்டுது," என்றார் அழகிரிசாமி. "பொடியில என்னமோ கலந்துட்டான். எங்க ஏரியாவுல நாய் வளர்க்கறவங்க வாட்ஸப் குரூப் ஒண்ணு இருக்குதுங்க, எரநூறு பேரு. 'ரசாக் பொடி விஷம்'னு அதுல போட்டுட்டேன். எல்லாரும் டப்பாவைத் திருப்பிக் குடுத்துட்டிருக்காங்க. குடுக்கட்டும்."

"வேற யாராவது?"

"பக்கத்து ஊட்டு ஈஸ்வரமூர்த்தி. மக்காச்சோளம் மூட்டை போட்டு வெச்சிருக்காரு, அதுக்கு எலிமருந்து வைப்பாரு. கருப்பட்டி கொரைக்குதுன்னு தெனமும் சண்டை. 'ஒருநா இந்த நாய் இருக்காது பாருங்க'ன்னு அவரு வாயாலயே சொன்னாருங்க."

கிருபாசங்கர் டப்பாவை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். ஒரு மீன் படமும், 'தினம் இரண்டு கரண்டி, முப்பது நாளுக்கு' என்ற எழுத்தும் ஒட்டியிருந்தன. உள்ளே பாதிக்கு மேல் பொடி இருந்தது. "இது எப்ப வாங்குனதுங்க?"

"செப்டம்பர் அஞ்சாந்தேதி. அன்னைக்கே திறந்தாச்சு."

"அந்த நோட்டு?"

அழகிரிசாமியின் முகத்தில் முதல் தடவையாகக் கொஞ்சம் உயிர் வந்தது. "நான் மில்லுல ஸ்பின்னிங் மேஸ்திரிங்க. மெஷின் நின்னா எழுதோணும். எத்தனை மணிக்கு நின்னுச்சு, எத்தனை நேரம், என்ன காரணம். காரணம் எழுதாம ஷிப்ட் முடிக்க உடமாட்டாங்க. முப்பது வருசம் அதுல ஒரு பொய்யி எழுதுனதில்லைங்க. இது அந்தப் பழக்கம். கருப்பட்டி சோந்து படுத்த நேரமெல்லாம் எழுதி வெச்சிருக்கேன்."

நோட்டில் கோடு போட்டுக் கட்டம் கட்டியிருந்தது. செப்டம்பர் பதினெட்டு, வியாழன், காலை 9.10, சோர்வு, முக்கால் மணி நேரம். பத்தொன்பது, வெள்ளி, 9.05. இருபது, சனி, மதியம் 2.40. இருபத்தொன்று, ஞாயிறு, மறுபடியும் காலை 9.15. இப்படியே போனது. சாப்பாட்டுக் கட்டத்தில் எல்லா நாளும் ஒரே வரி: 'தயிர் சோறு, வழிச்சு நக்கிடுச்சு.' காரணம் என்ற கட்டம் மூன்று வாரமாகக் காலியாக இருந்தது.

கிருபாசங்கரின் விரல் மூன்று வரிகளில் நின்று நின்று போனது. செப்டம்பர் இருபது, இருபத்தேழு, அக்டோபர் நான்கு. மூன்றும் சனிக்கிழமை. மூன்றிலும் சோர்வு மதியம் இரண்டரைக்கு மேல்தான்.

"ஈஸ்வரமூர்த்தி சனிக்கிழமை என்ன பண்ணுவாருங்க?"

"சந்தைக்குப் போவாருங்க. வெடியாலயே போயிட்டு மத்தியானம்தான் வருவாரு."

அப்புசாமி நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "அப்புறமென்னங்க தம்பி? மத்த நாள் ஊட்டுல இருக்காரு, வெடியால வைக்கிறாரு. சனிக்கிழமை வந்ததுக்கப்புறம் வைக்கிறாரு. ஆளு சிக்கிட்டாரு!"

"ஆஸ்பத்திரிக்குப் போலாமுங்கண்ணா," என்றார் கிருபாசங்கர்.

பிராணிகள் மருத்துவமனையில் கருப்பட்டி ஒரு இரும்பு மேஜைமேல் பழைய போர்வையில் கிடந்தது. முன்காலில் ஊசி, மேலே தொங்கும் பாட்டில். பெயருக்கேற்ற கரும்பழுப்பு உடம்பு. தாடையில் மட்டும் ஒரு கை அகலத்துக்கு வெள்ளை. எஜமானைப் பார்த்துக் கண்ணைத் திறந்தது, அதற்குமேல் அதனால் முடியவில்லை. அழகிரிசாமி அதன் காதைத் தடவிக்கொண்டு சுவரைப் பார்த்தபடி நின்றார்.

டாக்டர் தேஜஸ்ரீக்கு வயது முப்பதுதான் இருக்கும். மூன்று நாளாகத் தூக்கமில்லை என்பது கண்ணில் தெரிந்தது. "கொண்டுவரும்போது ரத்தத்துல சர்க்கரை முப்பதுக்குக் கீழ இருந்துச்சுங்க. அதை ஏத்துனோம். அப்புறம் ஈரல் போச்சு. வெறும் எலிமருந்தா இருந்தா மூணு வாரமா தினம் சோர்ந்து படுத்து, மறுபடியும் எந்திரிச்சு நடந்திருக்காது. சர்க்கரையை இறக்கற மாதிரி ஏதோ ஒண்ணு கொஞ்சம் கொஞ்சமாப் போயிருக்கு, கடைசியில நிறையப் போயிருக்கு. வீட்டுல யாராவது சுகர் மாத்திரை சாப்பிடறாங்களான்னுதான் முதல்ல கேட்டேன்."

"என்ர ஊட்டுக்காரம்மா சாப்பிடுது. நான் அட்டையை எண்ணிப் பார்த்துட்டேன். ஒண்ணு குறையலீங்க," என்றார் அழகிரிசாமி.

இதற்குள் அப்புசாமி நாயின் தாடையைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார். அந்த வெள்ளை முடியில், உதட்டோரமாக, ஆரஞ்சும் மஞ்சளுமாக ஒரு கறை. "தம்பி, மஞ்சளுங்க! ரசாக் பொடியில மஞ்சள் இருக்குதுன்னாரில்ல? அந்த ஆளுதானுங்க!"

"இப்பத்தான் ஈஸ்வரமூர்த்தின்னீங்க."

"ரெண்டு பேரும் சேர்ந்துகூடச் செஞ்சிருப்பாங்க," என்றார் அப்புசாமி, விட்டுக்கொடுக்காமல்.

கிருபாசங்கர் கைகழுவும் தொட்டியிலிருந்து சோப்பை எடுத்தார். டப்பாவிலிருந்து ஒரு சிட்டிகைப் பொடியை உள்ளங்கையில் போட்டு, சோப்பு நுரையை வைத்துத் தேய்த்தார். அது செக்கச்செவேல் என்று ஆனது. கையைக் கழுவிவிட்டு வந்து, அதே சோப்பின் நுரையை ஒரு துளி விரலில் எடுத்து நாயின் தாடைக் கறையில் வைத்தார். சற்று நேரம் நின்று பார்த்தார். ஆரஞ்சு ஆரஞ்சாகவே இருந்தது. ஈரத் துணியால் அதன் வாயை மெதுவாகத் துடைத்துவிட்டு, டாக்டரைத் தனியே அழைத்துப்போய்க் கேட்டார். "என்னன்னு தெரிஞ்சா பொழைக்குமுங்களா?"

"முந்தாநாள் தெரிஞ்சிருந்தா பத்துக்கு அஞ்சு. இன்னைக்குன்னா பத்துக்கு ஒண்ணுகூடச் சொல்ல மாட்டேன். அவருகிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியலைங்க. அதான் தேடுங்கன்னு சொல்லி அனுப்புனேன்."

கேட்டுக்கொண்டு கிருபாசங்கர் வெளியே வந்தார். அழகிரிசாமியின் முகம் ஏதோ கிடைத்துவிடும் என்று அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. அந்தப் பார்வையைத் தாங்குவது லேசான காரியம் இல்லை.

பெரியநாயக்கன்பாளையத்தில் மெயின் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி, இரண்டு லேத் பட்டறைகளைத் தாண்டி இருந்தது அந்த வீடு. நிலைப்படியில் புதிதாக எழுதிய நாமம். வாசல் கழுவிக் கோலம் போட்டிருந்தது. அம்புஜம் கதவைத் திறந்தார். அறுபத்து நான்கு வயது, பருத்த சரீரம். சுவரைப் பிடித்துப் பிடித்துத்தான் நடந்தார்.

"கண்ணு முழிச்சுதுங்களா?" என்பதுதான் அவர் கேட்ட முதல் கேள்வி. அழகிரிசாமி ஆமாம் என்று தலையாட்டினார்.

சமையலறை கண்ணாடி மாதிரி இருந்தது. பரணில், மீன் சட்டியும் கறிக்குழம்புப் பாத்திரங்களும் ஒரு பழைய வேட்டியில் மூட்டையாகக் கட்டப்பட்டிருந்தன. அந்த மூட்டையிலிருந்து ஒரு அலுமினியத் தட்டின் விளிம்பு வெளியே தெரிந்தது. அதில் நாய்ப் பல் பட்ட கீறல்கள். கீழே வாசல் பக்கம் கவிழ்த்து வைத்திருந்தது ஒரு புதுச் சில்வர் கிண்ணம்.

"ஏனுங்கம்மா, நாய்க்குச் சோறு வைக்கறது நீங்கதானுங்களா?"

"நான்தானுங்க. வெடியால எட்டரைக்கு. மருந்து போட்டுப் பெசைஞ்சு கையில ஊட்டுவனுங்க. இந்த மாசம் என்னமோ கொஞ்சம்கூட மிச்சம் வைக்காமத் தின்னுச்சு. போன புரட்டாசியில தயிர் சோத்தைத் திரும்பியும் பார்க்காதுங்க." சொல்லும்போதே அவருக்குக் கண் நிறைந்துவிட்டது. "நான் அதுகூடத் தெலுங்குலதான் பேசுவேன். எல்லாம் புரியுமுங்க."

"சனிக்கிழமையும் எட்டரைக்குத்தானுங்களா?"

"சனிக்கிழமை பெருமாளுக்குத் தளிகை போட்டுப் படைக்கோணுமில்லைங்க. அது முடியாம ஊட்டுல யாரும் வாயில ஒண்ணும் வைக்கறதில்லை. அதுவும் எங்ககூடத்தான் காத்திருக்கும். ரெண்டு மணி ஆயிருமுங்க."

அப்புசாமி எதையோ சொல்ல வாயெடுத்து, கிருபாசங்கரின் முகத்தைப் பார்த்து மூடிக்கொண்டார். ஜன்னல் திட்டில் ஒரு அட்டைப்பெட்டி இருந்தது. மூட்டுவலிக்குத் தண்ணீரில் கலக்கிக் குடிக்கும் குளுக்கோசமின் பாக்கெட் மருந்து. ஆரஞ்சுச் சுவை, சர்க்கரை சேர்க்காதது, முப்பது பாக்கெட். மேல் மூலையில் சைவம் என்பதற்கான பச்சைப் புள்ளி. பெட்டி காலி.

"உங்களுக்கும் முழங்காலுங்களா?"

"எனக்கும் அதுக்கும் ஒரே வியாதிங்க. ரெண்டு பேர் மருந்தும் ஒண்ணுதான்னு டாக்டரம்மாவே சொல்லிச் சிரிப்பாங்க. அஞ்சு நாளா எனக்குச் சித்த மோசமுங்க. மருந்து தீந்து போச்சு."

"எப்ப வாங்குனது?"

"புரட்டாசி ஒண்ணாந்தேதி. செப்டம்பர் பதினேழு," என்று அழகிரிசாமி பதில் சொன்னார். "நான்தான் வாங்கிட்டு வந்தேன். மறுநா பிரிச்சோம். மாசத்துக்கு ஒரு பெட்டிங்க."

கிருபாசங்கர் பெட்டியை எடுத்துப் பின்பக்கத்தைச் செல்போனில் படம் பிடித்தார். டாக்டருக்கு அனுப்பினார். பிறகு, பக்கத்து வீட்டுக்காரரையும் ரசாக்கையும் மூன்று மணிக்கு இங்கே வரச் சொல்லுங்கள் என்று அப்புசாமியை அனுப்பிவிட்டு, வாசலில் போய் நின்றார். டாக்டரிடமிருந்து போன் வந்தது. இரண்டு நிமிஷம் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "சரிங்க," என்று மட்டும் சொல்லி வைத்தார்.

அழகிரிசாமி பின்னாலேயே வந்திருந்தார். "தெரிஞ்சுதுங்களா?"

"என்னன்னு தெரிஞ்சுதுங்க. டாக்டரம்மாவுக்குச் சொல்லியாச்சு. அவங்க பண்ணக்கூடியதைப் பண்ணிட்டிருக்காங்க." சற்று நிறுத்தினார். "அந்த ரெண்டு பேர் மேலயும் தப்பில்லைங்க. இதோட நிறுத்திக்கலாமுங்களா?"

"காரணம் தெரியாம முடியாதுங்க," என்றார் அழகிரிசாமி.

மூன்று மணிக்கு ஹாலில் எல்லோரும் இருந்தார்கள். ஈஸ்வரமூர்த்தி துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு வாசற்படி ஓரமாகவே நின்றார். ரசாக் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தார். நாற்பது வயது, பொடி இடித்து இடித்துக் காய்த்துப்போன கைகள். அம்புஜம் சமையலறை நிலையில் சாய்ந்து நின்றார்.

"நான் கோவத்துல சொன்னதுதானுங்க," என்று ஈஸ்வரமூர்த்தி தானாகவே ஆரம்பித்தார். "வாயில்லாச் சீவனுக்கு வெசம் வைக்கற அளவுக்கு நான் போகலை."

"தெரியுமுங்க. நாலாந்தேதி சனிக்கிழமை நீங்க எங்க இருந்தீங்க?"

"திருச்செங்கோட்டுல மக ஊட்டுலங்க. வெள்ளிக்கிழமை போயி ஞாயித்துக்கிழமை பொழுதோடதான் வந்தேன். கேட் பூட்டியிருந்துச்சே, இவரே பார்த்திருப்பாரு."

அழகிரிசாமி மெல்லத் தலையசைத்தார். கிருபாசங்கர் நோட்டைத் திறந்தார்.

"அன்னைக்கும் மூணு மணிக்கு நாய் படுத்திருச்சு. அதனால இவரு இல்லை. ஆனா இந்த நோட்டு ஒரு விசயத்தைத் திருப்பித் திருப்பிச் சொல்லுதுங்க. மத்த நாள் ஒம்பது மணிக்கு, சனிக்கிழமை மட்டும் ரெண்டரைக்கு மேல. நானும் மொதல்ல சந்தைதான் காரணமோன்னு பார்த்தேன். ஆனா இந்த ஊட்டுலயே சனிக்கிழமை ஒண்ணு தள்ளிப்போகுது. சாப்பாடு. தளிகை முடிஞ்சுதான் நாய்க்கும் சோறு. அப்ப நாய்க்கு ஆகாதது வெளியில இருந்து வரலை. சோத்துலயே போயிருக்கு, தெனமும்."

"அப்பப் பொடிதானுங்களே?" என்றார் அழகிரிசாமி. ரசாக் தரையைப் பார்த்தார்.

"பொடியை நாய் தின்னவே இல்லைங்க. அஞ்சாந்தேதி திறந்த டப்பா, முப்பது நாள்ல தீந்திருக்கோணும். பாதிக்கு மேல இருக்குது. குறைஞ்ச அளவைப் பார்த்தா பன்னெண்டு நாள்தான் எடுத்திருக்காங்க. அஞ்சுல இருந்து பன்னெண்டு நாள்னா பதினாறாந்தேதி வரைக்கும். பதினேழு புரட்டாசி ஒண்ணு. தாடையில இருந்த கறையும் மஞ்சள் இல்லை. மஞ்சள்ல சோப்போ சுண்ணாம்போ பட்டா செவக்குமுன்னு ஆரத்தி கரைச்ச எல்லாருக்கும் தெரியும். ரசாக் பொடி செவந்துச்சு. அந்தக் கறை செவக்கலை. அது ஆரஞ்சுச் சாயம்."

அப்புசாமியின் பார்வை தன்னையறியாமல் சமையலறை ஜன்னல் திட்டில் இருந்த காலிப் பெட்டிக்குப் போனது. போனதும் அவர் முகம் கறுத்துவிட்டது. இந்தத் தடவை அவருக்குச் சரியான ஆள் தெரிந்துவிட்டது. தெரிந்திருக்க வேண்டாம் என்று இருந்தது.

கிருபாசங்கர் அம்புஜத்தின் பக்கம் திரும்பினார். குரல் இன்னும் தாழ்ந்தது. "அம்மா, அந்தப் பொடியில கருவாடு இருக்குது. டப்பாவுல மீன் படம் போட்டிருக்குது. பெருமாள் மாசத்துல அதை அடுக்களைக்குள்ள வைக்க உங்களுக்கு மனசில்லை. நாயோட தட்டையும் பரண்ல ஏத்திட்டீங்க. ஆனா மருந்தை நிறுத்தவும் மனசில்லை. அதனால உங்க மருந்தைக் குடுத்தீங்க. அப்படித்தானுங்களே?"

"ஆமாங்க," என்றார் அம்புஜம். மறைக்கிற குரல் அல்ல அது. "ரெண்டும் ஒரே மருந்துதானுங்களே. இவருகிட்டச் சொன்னா, போன வருசம் முட்டையை நிறுத்துனதுக்குச் சத்தம் போட்ட மாதிரி போடுவாரு. எனக்கு ஒரு பாக்கெட்டு, அதுக்கு அரைப் பாக்கெட்டு. அது சின்ன உசுருதானேன்னு."

"பதினெட்டாந்தேதியில இருந்து இந்த மாசம் மூணாந்தேதி வரைக்கும் பதினாறு நாள். உங்களுக்குப் பதினாறு, அதுக்கு எட்டு. மிச்சம் ஆறு."

"அது எந்திரிக்கவே முடியாமப் படுத்துக்கிச்சுங்க. மூட்டு வலி ஜாஸ்தியாயிருச்சுன்னு நினைச்சேன். எனக்கு நிறுத்திப்போட்டு அதுக்கே நாளைக்கு ரெண்டா..." அவர் நிறுத்தினார். ஹாலில் இருந்த ஒவ்வொருவரையும் பார்த்தார். "ஏனுங்க? அதுல என்னங்க? நான் தெனமும் குடிக்கறனே!"

கிருபாசங்கர் செல்போனில் எடுத்த பெட்டியின் படத்தைத் திறந்து நீட்டினார். "சர்க்கரை சேர்க்காததுன்னு போட்டிருக்குதுங்கம்மா. அதுக்குப் பதிலா இனிப்புக்குச் சைலிட்டால்னு ஒண்ணு சேர்த்திருக்காங்க. மனுசருக்கு அது ஒண்ணும் பண்ணாது. நாய்க்கு மட்டும் ஆகாது. கொஞ்சம் போனா சர்க்கரை இறங்கிச் சோந்து படுத்துக்கும். நெறையப் போனா ஈரலைக் கெடுத்துரும்."

"பச்சைப் புள்ளி இருந்துச்சுங்களே," என்றார் அம்புஜம். "பார்த்துத்தானுங்க குடுத்தேன். பச்சைப் புள்ளி இருந்துச்சு."

பட்டறையில் ஏதோ இரும்பைச் சாணை பிடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. அம்புஜம் நிலையைப் பிடித்தபடியே மெல்லச் சரிந்து தரையில் உட்கார்ந்தார். "அவ்வளவு ருசியா நக்குச்சுங்க," என்றார், யாரிடம் என்றில்லாமல்.

அழகிரிசாமி மனைவியைப் பார்க்கவில்லை. நோட்டை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு, மூடிய அட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார். யார் என்று தெரியவேண்டும் என்று கேட்டவர் அவர்தான். ரசாக்தான் முதலில் எழுந்தார். "வண்டி இருக்குதுங்க. அம்மாவைக் கூட்டிட்டு வாங்க. இப்பவே போயிப் பார்த்துரலாம்."

விற்கப் போகிற டப்பாக்களும் திரும்பி வந்த டப்பாக்களும் ஏற்றுகிற அவருடைய வேனில்தான் எல்லோரும் போனார்கள். ஈஸ்வரமூர்த்தி அவர்களுடைய வீட்டைப் பூட்டிச் சாவியைக் கொடுத்தனுப்பினார்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் தேஜஸ்ரீ கதவைத் திறந்துவிட்டு ஒதுங்கி நின்றார். மேஜை உயரமாக இருந்தது. அம்புஜத்தால் நிற்க முடியாது என்று கருப்பட்டியைப் போர்வையோடு தரையில் இறக்கினார்கள். முழங்காலை மடக்கவே முடியாதவர் எப்படியோ மடக்கி அதன் பக்கத்தில் உட்கார்ந்தார். தெலுங்கில் என்னவோ சொன்னார். கருப்பட்டியின் வால் போர்வைக்கு அடியில் இரண்டு தடவை அசைந்தது. பிறகு அது தலையை நகர்த்தி, அவருடைய வலது கை விரல்களை ஒவ்வொன்றாக நக்கத் தொடங்கியது. சோறு பிசைந்து ஊட்டிய விரல்கள். மூன்று வாரமாக இனித்த விரல்கள். அம்புஜம் கையை இழுத்துக்கொள்ளவில்லை. அது தானாக நிறுத்துகிறவரைக்கும் அப்படியே வைத்திருந்தார்.

ஐந்தே காலுக்கு எல்லாம் முடிந்துவிட்டது.

வெளியே பெஞ்சில், இன்னும் வெயில் இருந்தது. அழகிரிசாமி பழக்கத்தின் வேகத்தில் நோட்டைத் திறந்தார். தேதி எழுதினார். 5.15 என்று எழுதினார். காரணம் என்ற கட்டத்துக்கு வந்ததும் பேனா நின்றது. நீண்ட நேரத்துக்குப் பிறகு 'வயசு' என்று எழுதினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த கிருபாசங்கர் பார்த்தார், பார்க்காததுபோல் இருந்துவிட்டார். அவருக்குத் தெரிந்த எந்தத் துப்பும் அந்த இடத்தில் உதவாது.

"என்ன எழுதுனீங்க?" என்றார் அம்புஜம்.

அவர் நோட்டை மறுபக்கம் நகர்த்தினார். அம்புஜம் எட்டிப் பார்த்தார். பிறகு அவருடைய பார்வை வேன் பக்கம் போனது. ரசாக் அங்கே திரும்பி வந்த டப்பாக்களை ஓரமாக ஒதுக்கி, போர்வையில் சுற்றிய நாயை வைக்க இடம் செய்துகொண்டிருந்தார்.

"அந்தத் தம்பி பேரு என்னாகறது?" என்றார். "குரூப்புல போட்டீங்களே, எரநூறு பேருக்கு. வயசுன்னு எழுதுனா அவங்க நம்புவாங்களா?"

"நாளைக்குப் பார்த்துக்கலாம் அம்புஜம்."

"போனைக் குடுங்க."

அவர் கொடுக்கத் தயங்கினார். அம்புஜமே சட்டைப் பையிலிருந்து எடுத்தார். போனில் எழுத வராது, பேசி அனுப்புவது மட்டும் தெரியும். கட்டைவிரலை அழுத்திப் பிடித்துக்கொண்டு, யாரோ எதிரில் நிற்கிறமாதிரி சத்தமாகப் பேசினார்.

"நான் அம்புஜம் பேசறனுங்க, கருப்பட்டி ஊட்டுலருந்து. கருப்பட்டி போயிருச்சுங்க. ரசாக் தம்பி பொடியில ஒண்ணுமில்லைங்க. நான்தானுங்க குடுத்தேன், என்ர மூட்டு மருந்தை. புரட்டாசின்னு. பச்சைப் புள்ளி பார்த்துத்தான் குடுத்தேன். உங்க ஊட்டுல யாராச்சும் அப்படிக் குடுத்துட்டிருந்தா நிறுத்திருங்க. இன்னைக்கே நிறுத்திருங்க."

விரலை எடுத்தார். செய்தி போய்விட்டது. போனைத் திருப்பி அழகிரிசாமியின் பையிலேயே போட்டார். அழகிரிசாமி 'வயசு' என்ற வார்த்தையின் மேல் ஒரு கோடு போட்டார். பக்கத்தில் வேறு எதுவும் எழுத அவரால் முடியவில்லை. பேனாவை மூடாமல் கையிலேயே வைத்துக்கொண்டு, ரசாக் கூப்பிடுகிறவரைக்கும் அங்கேயே உட்கார்ந்திருந்தார்.